கம்பியைப் பிடித்த ஐவர்

அந்த ஊரில் மலை முனகும்.

தினம் ஒரு தடவை முனகும். சில நாள் சோம்பல் பட்டு விட்டுவிடும். சில நாள் ஆசை அடங்காமல் இன்னொரு தடவையும் முனகும். எப்போது என்று யாராலும் சொல்ல முடியாது. முதலில் ஜன்னல் கண்ணாடி நடுங்கும். பிறகு அலமாரியில் டம்ளர்கள் பல்லைக் கடிக்கும். அதற்கப்புறம்தான் ஒலி வரும். அரைத் தூக்கத்தில் புரண்டு படுக்கும் ஒருவர் 'ம்ம்ம்' என்று இழுப்பது போல இருக்கும். எலும்பு வரைக்கும் கேட்கும். ஒரு குடம் தண்ணீர் நிரம்பும் நேரம் இருந்துவிட்டு அடங்கிவிடும்.

அந்த நேரத்தில் இரண்டு பேர் ஒரே உலோகத்தைத் தொட்டுக்கொண்டிருந்தால் போச்சு. இவர் மனசில் ஓடுவது அவருக்குத் தெரியும், அவர் மனசில் ஓடுவது இவருக்கு. பேச்சு மாதிரி வராது. சொந்த நினைப்பு மாதிரியே வரும், பக்கத்து வீட்டுச் சமையல் வாசனை நம் வீட்டுக்குள் வருவது போல.

ஆகவே ஊர் உஷாராக இருந்தது. பேருந்துக் கம்பிகளுக்குக் கயிறு சுற்றியிருப்பார்கள். சில்லறையைக் கைக்குக் கை கொடுக்காமல் மரத்தட்டில் வைப்பார்கள். திருடனை விலங்கு மாட்டிக் கூட்டிப்போவது கிடையாது, கயிறுதான். முன்னொரு காலத்தில் விலங்கு போட்டிருந்தபோது ஒரு போலீஸ்காரர் வழியிலேயே திருடனின் நியாயம் முழுவதையும் உள்ளே வாங்கிக்கொண்டு, அவனுக்கு டீயும் வாங்கிக் கொடுத்து அனுப்பிவிட்டாராம். முடிதிருத்தும் கடைக்காரர் ஒருவர் கத்தரி காதில் பட்டிருக்கும்போது, 'இந்த மூஞ்சிக்கு எப்படி வெட்டினா என்ன' என்று நினைத்துவிட்டுக் கடையை வேறு தெருவுக்கு மாற்ற வேண்டியதாயிற்று.

அப்படியும் தப்ப முடியாமல் மாட்டிக்கொண்டால் ஒரு வழி உண்டு. மனசுக்குள் வாய்ப்பாடு சொல்ல வேண்டும். ஊர்ப் பிள்ளைகள் வாய்ப்பாடு படிப்பதே அதற்குத்தான். கணக்கு அப்புறம்.

இப்படிப்பட்ட ஊரில் படுத்துக்கொண்டே ஓடும் தொழில் கைப்பிடித் தொழில். கரண்டிக்கு, வாணலிக்கு, கத்திக்கு, கதவுக்கு, குழாய்த் திருகுக்கு எல்லாவற்றுக்கும் மரப்பிடி வேண்டும். கடைத்தெருவின் முனையில் அண்ணனும் தம்பியும் சேர்ந்து ஒரு கைப்பிடிக் கடை நடத்தினார்கள். முன்னால் கடை, நடுவில் கடைசல் பட்டறை, பின்னால் வீடு. அண்ணன் மரம் கடைவார். தம்பி பிடிகளை மாட்டி, உப்புத்தாள் போட்டு, வாடிக்கையாளரிடம் வாய் கிழியப் பேசி விற்பார். வீடு முழுக்க அண்ணனின் பிள்ளைகளும் மரத்தூளும். தலையணையைத் தட்டினால் தும்மல் வரும்.

அந்த வீட்டுக்கு மூத்த மருமகளைப் பெரியவள் என்றும் இளைய மருமகளைச் சின்னவள் என்றும் தெருவே கூப்பிட்டது. ஓரகத்திகள் என்றால் ஒரு வீட்டில் இரண்டு அடுப்பு எரிவதுதான் எங்கும் வழக்கம். இங்கே நகமும் சதையுமாக இருந்தார்கள். தெருவுக்கு அது கொஞ்சம் ஏமாற்றம்தான்.

சின்னவள் மலைக்கு அந்தப் பக்கத்து ஊர்க்காரி. அங்கே முனகல் எட்டாது. அம்மா இல்லாத பெண். அப்பா லாரி ஓட்டுபவர், போனால் வர வாரக்கணக்காகும். பள்ளிக்கூடம் விட்டு வந்து, பூட்டைத் திறந்து, "வந்துட்டேன்" என்பாள். பிறகு குரலைக் கொஞ்சம் மாற்றி "வா வா" என்று தானே பதில் சொல்லிக்கொண்டு உள்ளே போவாள். அப்படி வளர்ந்தவள்.

கல்யாணமாகி வந்த புதிதில் ஒரு நாள் பெரியவள் அவளை அடுப்படிக்குக் கூப்பிட்டு ஒரு இரும்புச் சட்டியைக் காட்டினாள்.

"இந்த வீட்டுல எல்லாத்துக்கும் மரப்பிடி இருக்கு. இது ஒண்ணு மட்டும் மொட்டை. ஏன்னு சொல்லு பார்ப்போம்."

"மறந்துட்டாங்களா அக்கா?"

"மறக்கறதா? நான்தான் கழட்டிப் போட்டேன். அந்தக் காதைப் பிடி. இந்தக் காதை நான் பிடிச்சுக்கறேன். மலை முனகற வரைக்கும் விடாதே."

டம்ளர்கள் பல்லைக் கடித்தன. மலை முனகியது. 'மாமியார் இல்லாத வீடுன்னு சந்தோஷப்பட்டுத்தானே வந்தே? நான்தான்டி உன் மாமியார்' என்று ஒரு நினைப்பு சிரித்துக்கொண்டே சின்னவளின் மண்டைக்குள் வந்து உட்கார்ந்தது. அவள் பயந்து அலறியதில் பட்டறையில் அண்ணன் ஒரு கரண்டிப் பிடியைத் தப்பாகக் கடைந்துவிட்டார்.

அன்று முதல் தினமும் சட்டிதான். யார் வீட்டில் யார் கோபித்துக்கொண்டு போனார்கள், சின்னவர் தூக்கத்தில் என்ன உளறுகிறார், பெரியவர் தலையில் எந்த இடத்தில் முடி கொட்ட ஆரம்பித்திருக்கிறது, ஒன்று விடாமல் பரிமாறிக்கொள்வார்கள். வாயால் பேசினால் ஆண்களுக்குக் கேட்டுவிடும் என்பது ஒரு காரணம். சின்னவளுக்கு அது காரணமே இல்லை. உள்ளே இன்னொருவர் இருப்பதுதான் அவளுக்கு வேண்டும். அவள் வாய்ப்பாட்டை ஒழுங்காகப் படித்தவளும் இல்லை. கதவு, ஜன்னல் எல்லாவற்றையும் அகலத் திறந்து போட்டுவிடுவாள். அக்காவும் அப்படித்தான் திறந்து போடுகிறாள் என்று நினைத்துக்கொண்டிருந்தாள்.

இவர்கள் இங்கே இப்படி இருக்க, அங்கே பட்டறையில் ஒரு திருகாணியால் குடும்பம் ஆட ஆரம்பித்தது.

அண்ணன் கடைந்த பிடிகளை மர ஆணி அடித்துத்தான் மாட்டுவார்கள். அது அப்பா காலத்து முறை. தம்பிக்கு அதில் பொறுமை போய்விட்டது.

"மர ஆணி அடிச்சா கொஞ்ச நாள்ல பிடி ஆடுதுண்ணே. ஆடின பிடியைத் தூக்கிட்டு வந்து என் மூஞ்சியிலதான் ஆட்டறாங்க, உன் மூஞ்சியில இல்ல. இரும்புத் திருகாணி போட்டா ஜென்மத்துக்கும் அசையாது."

"திருகாணித் தலை வெளியே தெரியும்டா. அது வழியா முனகல் ஏறும்."

"மேல மெழுகு வச்சு மூடிடறேன்."

"அடுப்புல வைக்கற கரண்டிக்கு மெழுகா? உன் மூளையை எங்கடா வச்சுட்டு வந்தே?"

தம்பி கேட்கவில்லை. ஒரு கூடை கரண்டிகளுக்குத் திருகாணி போட்டு, மெழுகு வைத்து மூடி, அண்ணன் கண்ணில் படாமல் விற்றுவிட்டார். முதலில் மெழுகு உருகியது தலைமையாசிரியர் வீட்டுக் கரண்டியில். மனைவி பரிமாறிக்கொண்டிருந்தார். இவர், "இங்கே குடு, நானே போட்டுக்கறேன்" என்று கரண்டியைப் பிடித்திருக்கிறார். அந்த நேரம் பார்த்து மலை முனகியது. கல்யாணமான நாள் முதல் 'ஆஹா, ஆஹா' என்று சாப்பிட்ட மனுஷன் மனசுக்குள் என்ன சொல்லிக்கொண்டு சாப்பிட்டார் என்பது அந்த அம்மாவுக்குத் தெரிந்துவிட்டது.

மறுநாள் தலைமையாசிரியர் கரண்டியோடு கடைக்கு வந்தார். "நான் இப்போ ஓட்டல்ல சாப்பிடறேன். அதுக்கு யாருய்யா பொறுப்பு?" என்றார். தெருவே கூடிவிட்டது.

அவர் போன பிறகு அண்ணனும் தம்பியும் பேசிக்கொண்டதை எழுதினால் இந்தக் காகிதம் கருகிவிடும். கடைசியில் வந்து நின்ற இடம் இதுதான்.

"அப்போ பிரிச்சுக்கலாம்!" என்றார் தம்பி.

"பிரிச்சுக்கலாம்டா! எனக்கென்ன, உன்னைக் கட்டிட்டு அழணும்னு தலையெழுத்தா?"

"பட்டறை நடுவுல சுவர்."

"வீட்டு நடுவுலயும் சுவர்!"

வீட்டு நடுவில் சுவர் வைத்தால் அது அடுப்படியைத்தான் வெட்டிக்கொண்டு போகும். அடுப்பும் சட்டியும் பெரியவள் பக்கம். சின்னவளுக்கு அந்தப் பக்கம் இரண்டு அறையும் ஒரு கொல்லைக் கதவும் கிடைக்கும். கணவர் விடிந்து போனால் பொழுது சாய்ந்துதான் கடையை விட்டு வருவார். சின்னவள் அந்த அறைகளைப் போய்ப் பார்த்தாள். யாரும் இல்லாதபோது மெல்ல, "வந்துட்டேன்" என்று சொல்லிப் பார்த்தாள். பதிலுக்கு 'வா வா' சொல்லாமல் வெளியே வந்துவிட்டாள்.

ஆனால் அந்த ஊரில் நினைத்தவுடன் பிரிந்துவிட முடியாது. சாட்சிக் கூடத்துக்குப் போக வேண்டும். அங்கே ஒரு நீண்ட இரும்புக் கம்பி உண்டு. வீட்டுப் பெரியவர்கள் எல்லோரும் அதைப் பிடித்துக்கொண்டு நிற்க, சாட்சிக்காரரும் ஒரு முனையைப் பிடித்துக்கொள்வார். மலை முனகும்போது யார் மனசில் என்ன இருக்கிறது என்று அவர் பார்ப்பார். பாதிக்கு மேல் வேண்டும் என்றால்தான் பிரிவினை. சரிபாதியாக நின்றாலும் நடக்காது.

சின்னவள் அடுப்படிக்கு ஓடினாள்.

"அக்கா! கவலையே வேணாம். இவங்க ரெண்டு பேரும் வேணும்னு நினைக்கட்டும். நாம ரெண்டு பேரும் வேணாம்னு நினைச்சா சரிபாதி. சுவர் வராது!"

பெரியவள் குனிந்து அடுப்பை ஊதிக்கொண்டிருந்தாள்.

"ஆமா ஆமா" என்றாள்.

"மறந்துடாதீங்க. வேணாம்."

"கம்பியைப் பிடிச்சுட்டு நான் என்னடி மறக்கறது. அந்தத் தண்ணியை எடு."

"நீங்க இல்லேன்னா நான் ஒத்தை ஆளு. சுவர் வந்துடும்."

"எடுடின்னா."

சின்னவள் தண்ணீரை எடுத்துக் கொடுத்தாள். அன்று மலை முனகியபோது பெரியவள் கொல்லையில் துணி காயப் போட்டுக்கொண்டிருந்தாள். சட்டிக்கு வரவில்லை.

சாட்சிக் கூடம் ஒரு பழைய கட்டடம். உயரமான ஜன்னல்கள், தேய்ந்த பெஞ்சுகள், நடுவில் இரண்டு மரத்தூண்களுக்கு இடையில் அந்தக் கம்பி. எத்தனையோ கைகள் பிடித்து நடுப்பகுதி பளபளவென்று இருந்தது. சாட்சிக்காரர் தொந்தி வைத்த மனிதர். தன் அடுக்குப் பாத்திரத்தைப் பெஞ்சில் பத்திரமாக வைத்துவிட்டு வந்து முனையைப் பிடித்தார்.

"எல்லாரும் உள்ளங்கை படற மாதிரி பிடிங்க. வாய்ப்பாடு சொல்லக் கூடாது, சொன்னா எனக்குத் தெரியும். பாட்டு பாடறவங்களும் இருக்காங்க, அதுவும் செல்லாது. மலை எப்போ முனகுதோ முனகட்டும், அதுவரைக்கும் நிக்க வேண்டியதுதான். கால் வலிச்சா ஒரு காலை மாத்திக்கலாம், கையை மாத்தக் கூடாது."

அண்ணன் ஒரு பக்கம், தம்பி இன்னொரு பக்கம், நடுவில் பெண்கள். அண்ணன் கூரையைப் பார்த்தார். தம்பி தரையைப் பார்த்தார். மலை மூச்சு விடவில்லை.

கொஞ்ச நேரம் கழித்துத் தம்பி கம்பியை லேசாக ஆட்டினார். தூணில் அது கடகடவென்று ஆடியது.

"யாரு மாட்டினது இதை?" என்றார் யாரையும் பார்க்காமல்.

"பொருத்து சரியில்ல. துளை பெருசு" என்றார் அண்ணன், கூரையைப் பார்த்தபடி.

"துளை பெருசில்ல, முளை சின்னது."

"ரெண்டும் ஒண்ணுதான்."

"ஒண்ணில்ல."

"நீங்க பிரிய வந்தீங்களா, கம்பியை ரிப்பேர் பண்ண வந்தீங்களா?" என்றார் சாட்சிக்காரர்.

சின்னவள் வலது பக்கம் திரும்பி அக்காவைப் பார்த்தாள். கண்ணைக் காட்டினாள். பெரியவள் கம்பியையே பார்த்துக்கொண்டிருந்தாள். கை இறுகியிருந்தது.

உயரத்து ஜன்னல்கள் நடுங்கின. அடுக்குப் பாத்திரம் பெஞ்சில் மெல்ல நடனமாடியது. மலை முனகியது.

முதலில் வந்தது சாட்சிக்காரர்தான். 'கடைசி அடுக்குல என்ன வச்சிருப்பா? நேத்து மாதிரி வச்சிருந்தா இன்னைக்கு ஒரு கை பார்த்துடறேன்.' அவருடைய பசி ஐந்து வயிற்றிலும் கிள்ளியது. சின்னவளுக்கே வாயில் நீர் ஊறியது.

அதைத் தள்ளிக்கொண்டு அண்ணன் வந்தார். 'ஒரே ஒரு வார்த்தை, வேணாம்ணேன்னு சொல்லிட்டா போதுமே. மானம் போகுதேன்னு நானே வாயைத் திறக்காம நிக்கறேன். திருகாணி போட்டுத் தொலையட்டும். இவன் கத்தாத பட்டறையில நான் என்னத்தைக் கடைவேன்?'

தம்பி வந்தார். 'காதைப் பிடிச்சுத் திருகி, வாடா வீட்டுக்குன்னு கூப்பிடேன்ணே. ஒரு தடவை கூப்பிட்டா வந்துடுவேனே. கூப்பிட மாட்டேங்கறியே.'

அண்ணன் கூரையிலிருந்து கண்ணை இறக்கினார். தம்பி தரையிலிருந்து தூக்கினார். இரண்டு பேருக்கும் ஒரே நேரத்தில் மூக்கு சிவந்தது.

சின்னவள் இதை எதிர்பார்க்கவே இல்லை. 'வேணாம் வேணாம் வேணாம்' என்று முட்டிக்கொண்டிருந்த அவள் மனசு துள்ளிக் குதித்தது. மூன்று கை ஆகிவிட்டது! சுவர் செத்தது! 'அக்கா, பார்த்தீங்களா?' என்று அந்தப் பக்கம் பாய்ந்தாள்.

அங்கே ஏழாம் வாய்ப்பாடு ஓடிக்கொண்டிருந்தது.

'ஓரேழு ஏழு. ஈரேழு பதினாலு. மூவேழு இருபத்தொண்ணு.'

"யாரும்மா அது?" என்றார் சாட்சிக்காரர். "நிறுத்துங்க. வாய்ப்பாடு கூடாதுன்னு சொன்னேனா இல்லையா?"

வாய்ப்பாடு தடுமாறியது. நின்றது. நின்ற இடத்தில் ஒரு கதவு திறந்துகொண்டது.

உள்ளே ஒரு அறை. வெறும் அறை. ஒரு கட்டில், ஒரு ஜன்னல். மரத்தூள் இல்லை. கட்டிலில் பெரியவள் காலை நீட்டி உட்கார்ந்திருந்தாள். மடியில் கீரைக்கட்டோ குழந்தையோ கிழிந்த சட்டையோ இல்லை. அம்மா என்று, அண்ணி என்று, அக்கா என்று, ஏய் என்று யாரும் கூப்பிடவில்லை. அவள் எதையும் நினைக்கவும் இல்லை. அவ்வளவுதான் அந்த அறையில் இருந்தது. அவளுக்கு அது எவ்வளவு வேண்டியிருந்தது என்றால், தாகம் எடுத்தவன் பானையைப் பார்ப்பது போலப் பார்த்துக்கொண்டிருந்தாள். 'சுவர் வரட்டும். அந்தப் பக்கம் அவங்க இருக்கட்டும், இந்தப் பக்கம் கொஞ்சம் சத்தம் குறையட்டும். பிறந்த வீட்டுல எட்டுப் பேருக்கு ஒரு பாய். இங்க வந்தும் ஒரு நாள் தனியா உட்கார்ந்ததில்ல. விளையாட்டுக்குத்தான் சட்டியைக் காட்டினேன். முனகற நேரமாவது ஒருத்தரும் இல்லாம இருக்கலாம்னா, இவ கை தினமும் சட்டி மேல வந்துடுது. பாவம், யாருமில்லாம வளர்ந்த பொண்ணு. கையை எடுக்க மனசு வரலை. சிரிச்சுக்கிட்டே பிடிச்சுக்கறேன்.'

மலை அடங்கியது.

யாரும் கையை எடுக்கவில்லை. சாட்சிக்காரர்தான் முதலில் தொண்டையைக் கனைத்தார்.

"மூணு பேர் வேணாம். ஒருத்தர் வேணும். பிரிவினை செல்லாது" என்றார். பிறகு குரலைத் தாழ்த்தி, "என் சர்வீஸ்ல எத்தனையோ அண்ணன் தம்பியைப் பார்த்திருக்கேன். பிரியணும்னு வந்து ரெண்டு பேரும் வேணாம்னு நின்னதை இப்பதான் பார்க்கறேன். போய் ஒழுங்காச் சாப்பிடுங்க. நானும் சாப்பிடப் போறேன்" என்றார்.

பெரியவள் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

வீட்டுக்குத் திரும்பும் வழியில் ஆண்கள் இருவரும் முன்னால் போனார்கள். அண்ணன் தம்பியின் காதைத் திருகினார், தம்பி "ஆ" என்றார், அத்தோடு சமாதானம் முடிந்தது. அதன் பிறகு கம்பியின் பொருத்தைப் பற்றிச் சண்டை போட்டுக்கொண்டே நடந்தார்கள். பின்னால் பெண்கள் இருவரும் வந்தார்கள்.

"கோவமா?" என்றாள் பெரியவள்.

"இல்லையே."

"நீ இல்லையேன்னு இழுத்தா ஆமான்னு அர்த்தம். எனக்குத் தெரியாதா?"

"உங்களுக்கு எல்லாம் தெரியும்கா. எனக்குத்தான் ஒண்ணும் தெரியலை."

பெரியவள் ஏதோ சொல்ல வாயெடுத்தாள். பேருந்து ஒன்று புழுதி கிளப்பிக்கொண்டு போனது. அவள் முந்தானையால் வாயை மூடிக்கொண்டாள்.

மறுநாள் டம்ளர்கள் பல்லைக் கடித்தபோது பெரியவள் அடுப்படிக்கு வந்து சட்டியின் ஒரு காதைப் பிடித்துக்கொண்டு நின்றாள். சின்னவள் கையைக் கட்டிக்கொண்டு ஜன்னலோரம் நின்றாள். மலை முனகி முடித்தது. இருவரும் வேலையைப் பார்க்கப் போனார்கள். அடுத்த நாளும் அப்படியே நடந்தது.

சின்னவளுக்குக் கோபம் கோபமாக வந்தது. இத்தனை நாளும் அக்கா காட்டியதெல்லாம் விருந்தாளி வரும்போது கூட்டிப் பெருக்கி வைக்கிற முன்னறை மட்டும்தான். பின்னால் இத்தனை பெரிய தாகத்தை வைத்துக்கொண்டு, முன்னால் தலைமையாசிரியர் கதையைச் சொல்லிச் சிரித்துக்கொண்டிருந்திருக்கிறாள். 'நானும் லூசு மாதிரி எல்லாத்தையும் கொட்டியிருக்கேன்.' பாத்திரங்களைப் படார் படார் என்று வைத்தாள். மரப்பிடி என்பதால் சத்தம் கூடச் சரியாக வரவில்லை.

பாத்திரம் தேய்த்துக்கொண்டிருக்கும்போதுதான் அவளுக்கு அது உறைத்தது. அந்தச் சிரிப்பு பொய்யில்லை. அக்கா உண்மையாகவே சிரித்தாள். உண்மையாகவே களைத்தும் இருந்தாள். களைத்தவள் ஒரு நாள் கூடக் கையை எடுக்கவில்லை. எடுக்கணுமா என்று ஒரு நாள் கூட இவள் கேட்கவில்லை. கேட்க வேண்டும் என்றே தோன்றவில்லை. தனக்குப் பசி என்றால் ஊருக்கே பசி என்று நினைத்துக்கொண்டிருந்திருக்கிறாள், அந்தச் சாட்சிக்காரர் போல.

சின்னவள் கையைக் கழுவிக்கொண்டு நேராகப் பட்டறைக்குப் போனாள். அண்ணனும் தம்பியும் ஒரு கரண்டியை நடுவில் வைத்துக்கொண்டு, திருகாணித் தலையை மர மூடிக்குள் புதைக்க முடியுமா என்று தலையோடு தலை முட்டிக்கொண்டிருந்தார்கள்.

"மாமா, ஒரு சுவர் வேணும்" என்றாள்.

இருவரும் நிமிர்ந்தார்கள்.

"ஏய், வேணாம்னு முட்டிக்கிட்டு நின்னது நீதானே? என் மண்டை இன்னும் வலிக்குது" என்றார் அவள் கணவர்.

"இப்போ வேணும். வீட்டு நடுவுல இல்ல. அக்காவைச் சுத்தி. நாலு பக்கமும்."

"என்னம்மா, சமாதி கட்டச் சொல்றியா?" என்றார் அண்ணன்.

"அறை மாமா! பட்டறைக்குப் பின்னால மரத்துண்டு அடுக்கி வச்சிருக்கீங்களே, அந்த இடம். நீங்களும்தானே கம்பியைப் பிடிச்சீங்க, உங்களுக்கும்தானே தெரிஞ்சுது?"

அண்ணன் கையிலிருந்த கரண்டியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"தெரிஞ்சுது" என்றார் கடைசியில். "தெரிஞ்ச நாள்ல இருந்து அவ மூஞ்சியைப் பார்க்க முடியலை. என்ன செய்யறதுன்னு தெரியாம கரண்டியைப் பார்த்துட்டு இருக்கேன்."

"அண்ணிக்கு அறை கட்டறதுக்கு நான் வேணாம்னு சொல்வேனா?" என்றார் தம்பி. "ஆனா அந்த மரத்துண்டெல்லாம் எங்கே வைக்கறது?"

"உங்க கட்டிலுக்கு அடியில" என்றாள் சின்னவள்.

வேலை அன்றே ஆரம்பமானது. சின்னவளே தலையில் துணியைக் கட்டிக்கொண்டு மரத்துண்டுகளை வாரினாள். அவற்றின் அடியிலிருந்து ஒரு பூனைக் குடும்பமும், காணாமல் போன உளி ஒன்றும் கிடைத்தன. உளியைப் பார்த்து அண்ணன், "இதுக்குத்தானேடா போன வருஷம் என்னைத் திட்டினே?" என்றார். தம்பி பூனையைப் பார்த்தபடி காது கேட்காதவர் போல இருந்தார். சுவர் எழும்பியது, வெள்ளை அடித்தார்கள். கடைசியில் கதவு வந்தது. கதவோடு சண்டையும் வந்தது. எந்த மரத்தில் பிடி, எந்த வடிவத்தில் பிடி, எந்த உயரத்தில் பிடி என்று இரண்டு பேரும் தொண்டைத் தண்ணீர் வற்றக் கத்தினார்கள்.

"உள்பக்கம் மட்டும் போடுங்க" என்றாள் சின்னவள்.

"வெளிப்பக்கம்?"

"வெளிப்பக்கம் எதுக்கு? வெளியில இருந்து யார் திறக்கணும்?"

கைப்பிடிக் கடைக்காரர்கள் இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். வெளியே பிடி இல்லாத கதவை அவர்கள் பரம்பரையில் யாரும் செய்ததில்லை.

பெரியவளிடம் யாரும் எதுவும் சொல்லவில்லை. வெள்ளை காய்ந்த பிறகு சின்னவள் அவள் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்து கதவின் முன்னால் நிறுத்தினாள். பெரியவள் உள்ளே எட்டிப் பார்த்தாள். ஒரு கட்டில், ஒரு ஜன்னல்.

"போங்க" என்றாள் சின்னவள்.

"அடுப்புல உலை கொதிக்குதுடி."

"நான் பார்த்துக்கறேன்."

"பிள்ளைங்க வந்துடும்."

"வரட்டும். பசின்னா நான் போடறேன், அடின்னா நான் குடுக்கறேன். போங்கக்கா."

பெரியவள் ஒரு காலை உள்ளே வைத்தாள். திரும்பினாள். "நீ என்னடி பண்ணுவே?"

"எனக்கென்ன, வேலை இல்லையா?"

கதவு சாத்திக்கொண்டது.

சின்னவள் அடுப்படிக்குப் போய் உலையை இறக்கினாள். அரிசிப் பானையைக் கழுவி வைத்தாள். வீடு அமைதியாக இருந்தது. இந்த அமைதிக்குத்தான் சின்ன வயசில் அவ்வளவு பயந்தாள். ஜன்னல் கண்ணாடி நடுங்கியது. டம்ளர்கள் பல்லைக் கடித்தன. மலை முனகியது. சின்னவள் எதையும் தொடாமல் அடுப்படி நடுவில் நின்றாள். மண்டைக்குள் யாரும் வரவில்லை. பயந்துகொண்டே கொஞ்ச நேரம் காத்திருந்தாள். பட்டறையில் கடைசல் ஓடுகிற சத்தம் கேட்டது. "ஏண்ணே, கண்ணு தெரியலையா?" என்று தம்பியின் குரல். சுவருக்கு அந்தப் பக்கம் ஒருத்தி காலை நீட்டி உட்கார்ந்திருக்கிறாள். ஆள் இல்லாத வீடு வேறு, ஆள் கதவைச் சாத்திக்கொண்டிருக்கிற வீடு வேறு என்று சின்னவளுக்கு அன்றுதான் தெரிந்தது. தனக்குள் என்ன ஓடுகிறது என்று கவனித்துப் பார்த்தாள். பெரிதாக ஒன்றும் இல்லை. உப்பு வாங்க வேண்டும் என்று ஓடிக்கொண்டிருந்தது.

பொழுது சாய்கிற நேரத்தில் கதவு திறந்தது. பெரியவள் வந்தாள். கன்னத்தில் தலையணை மடிப்பு பதிந்திருந்தது. சின்னவளுக்கு ஓடிப்போய்க் கேட்க வேண்டும் போல இருந்தது. கத்தியை எடுத்து வெங்காயத்தை உரித்துக்கொண்டே, கேட்காத மாதிரி கேட்டாள்.

"எப்படிக்கா இருந்துச்சு?"

"ஒண்ணுமே இல்லைடி. சுவரைப் பார்த்துட்டு உட்கார்ந்திருந்தேன். கொஞ்சம் தூங்கினேன். மறுபடியும் சுவரைப் பார்த்தேன். ஒரே போர்."

"அய்யோ. அப்போ?"

"நாளைக்கும் போவேன்."

பெரியவள் பக்கத்தில் வந்து உட்கார்ந்து ஒரு வெங்காயத்தை எடுத்துக்கொண்டாள். இருவரும் உரித்தார்கள். இருவருக்கும் கண்ணில் நீர் வந்தது, வெங்காயத்தின் மேல் பழியைப் போட்டுவிட்டார்கள்.

"முனகினப்போ உள்ள என்னக்கா நினைச்சீங்க?" என்றாள் சின்னவள்.

"சொல்ல மாட்டேன்" என்றாள் பெரியவள்.

சின்னவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது.